பால்மரக் காட்டைக் கூடத்துக்குள் கொண்டுவர முடியுமா?

(இயற்கையும் கலையும் பற்றிய தொலைக்காட்சிக் கருத்தரங்கில் அறிவிப்பாளர் ஒருவர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



ஆவணப்படம் என்று சொன்னதும் நம்மில் பலருடைய கை தானாகவே வேறு அலைவரிசையைத் தேடுகிறது. இயற்கை ஆவணப்படம் என்றால் கேட்கவே வேண்டாம். சிங்கம் மானைத் துரத்தும். ஒரு கனத்த குரல் விளக்கம் சொல்லும். நாம் நாற்காலியில் சாய்ந்துகொண்டு பார்ப்போம். அந்த மான் பிழைத்தாலும் செத்தாலும் நம் கையிலுள்ள தேநீர் ஆறுவதில்லை.

பார்ப்பவரை நாற்காலியிலிருந்து எழுப்பி, காட்சியின் நடுவிலேயே நிறுத்தப் பார்க்கும் ஒரு கலை இப்போது உலகெங்கும் வளர்ந்து வருகிறது. அதில் படம் நம் எதிரே மட்டும் இருக்காது. நம்மைச் சுற்றி இருக்கும். சில படைப்புகளில் நாம் தொட்டால், நடந்தால், திரும்பினால் காட்சி மாறும். வேறு சிலவற்றில் பார்வையாளரே ஒரு பொருளைக் கொண்டுவந்து படைப்பில் சேர்க்கலாம். ஆனால் காட்டப்படுவது கற்பனைக் கதையல்ல. உண்மையாக இருக்கும் காடு, உண்மையாக ஓடும் ஆறு, உண்மையாக வாழ்ந்த விலங்கு. சூழ்ந்துகொள்ளும் ஆவணக் கலை, ஊடாடும் ஆவணக் கலை என்றெல்லாம் இதைச் சொல்கிறார்கள். பெயர் எதுவானாலும் சரி, கெடா மாநிலத்துத் தோட்டங்களிலும் பட்டணங்களிலும் இருக்கும் நமக்கு இதில் என்ன வேலை என்பதுதான் என் பேச்சு.

அலோர்ஸ்டார் நெல் காட்சியகம்

இதற்கெல்லாம் கணினி வேண்டும், விலையுயர்ந்த கருவி வேண்டும் என்று நினைப்பவர்கள் அலோர்ஸ்டார் பக்கத்திலுள்ள குனோங் கெரியாங் சுண்ணாம்புக் குன்றை நினைத்துப் பார்க்கவேண்டும். அதன் அருகே 2004-ஆம் ஆண்டில் கெடா நெல் காட்சியகம் திறக்கப்பட்டது. கட்டடமே நெற்கட்டுகளை நிறுத்தி வைத்தாற்போல இருக்கும். பள்ளிச் சுற்றுலாவில் போய்வந்த பிள்ளைகளுக்குக் கீழ்த்தளத்துக் கலப்பையும் உலக்கையும் மறந்திருக்கலாம். மேல்தளம் மறந்திருக்காது. அங்கே நடுவில் ஒரு மேடை. அது மெல்லச் சுழலும். சுற்றிலும் 360 பாகைக்கு வயல்வெளியும் குன்றுகளும் ஓவியமாக விரிந்திருக்கும். இந்தச் சுவர் ஓவியங்களைத் தீட்டியவர்கள் வடகொரியாவிலிருந்து வந்த ஏறக்குறைய 60 ஓவியர்கள். கெடா வயலை வரைய வடகொரியாவிலிருந்து ஆள் வந்தார்கள் என்பது வேடிக்கையாகத் தோன்றலாம். ஆனால் மிகப் பெரிய அளவில் சுவர் ஓவியம் தீட்டும் பயிற்சி அந்த நாட்டில் இன்றும் உயிரோடு இருக்கிறது.

இந்த வட்ட ஓவியத்தின் வயது 200 ஆண்டுகளுக்கும் மேல். அயர்லாந்தில் பிறந்த ராபர்ட் பார்க்கர் என்ற ஓவியர் 1787-இல் இதற்குக் காப்புரிமை பெற்றார். 1793-இல் லண்டன் லெஸ்டர் சதுக்கத்தில் இதற்கென்றே வட்டக் கட்டடம் எழுந்தது. நுட்பம் எளிமையானது. சாதாரண ஓவியத்துக்குச் சட்டம் உண்டு. சட்டத்தைப் பார்த்ததும் கண் 'இது படம்' என்று முடிவு செய்துவிடும். வட்ட ஓவியத்தில் சட்டமே தெரியக்கூடாது. ஆகவே பார்வையாளரை முதலில் ஓர் இருட்டான நடையில் நடக்க விட்டு, படியேற்றி, நடு மேடைக்குக் கொண்டுவருவார்கள். வெளியே பார்த்த வெளிச்சத்தின் அளவு அதற்குள் கண்ணுக்கு மறந்துபோகும். ஓவியத்தின் மேல் விளிம்பைக் கூரை மறைக்கும். கீழ் விளிம்பை உண்மையான மண், வேலி, செடி போன்ற பொருட்களைப் பரப்பி மறைப்பார்கள். ஒப்பிட்டுப் பார்க்க எதுவும் இல்லாமல் போனபின், பத்து அடி தூரத்துத் துணி பத்து மைல் தூரத்து வானமாகத் தெரியும்.

நெதர்லாந்தின் ஹேக் நகரில் மெஸ்டாக் என்ற கடல் ஓவியர் 1881-இல் முடித்த வட்ட ஓவியம் இன்றும் இருக்கிறது. சுமார் 14 மீட்டர் உயரம், 120 மீட்டர் சுற்றளவு. ஸ்கெவனிங்கன் என்ற மீனவர் கடற்கரையை, ஒரு மணல்மேட்டின் உச்சியிலிருந்து பார்த்தபடி வரைந்திருக்கிறார். முன்னால் உண்மையான கடல்மணல். ஒரு கண்ணாடி உருளைக்குள் நின்று, தெரிகிற காட்சியைக் கண்ணாடியிலேயே கோடிழுத்து, பிறகு அதைப் பெரிதாக்கினார். அந்த மணல்மேடு விரைவில் தரைமட்டமாகப் போகிறது என்பது அவருக்குத் தெரியும். மேடு போய்விட்டது. கடற்கரையும் ஆளடையாளம் தெரியாமல் மாறிவிட்டது. அந்த மேட்டிலிருந்து மீனவர் கிராமம் எப்படித் தெரிந்தது என்று அறிய விரும்புகிறவர் இன்று போகக்கூடிய இடம் அந்த வட்டக் கட்டடம்தான். அழகுக்காக வரைந்தது ஆவணமாகிவிட்டது.

நம் நெல் காட்சியகத்து மேடையில் உட்காருகிறவர்கள் மெய்மறந்து போவதை நான் குறை சொல்லமாட்டேன். ஆனால் அந்த வயலில் அட்டை கடிக்காது. உரக்கடன் இல்லை. மேடை சுழன்று, பார்த்துவிட்டு இறங்குகிறோம். நாம் வந்ததால் அங்கே எதுவும் மாறுவதில்லை. சூழ்ந்துகொள்வதில் அது வெற்றி. ஊடாடுவதில் அது தொடங்கவே இல்லை.

கரடி சொன்ன கதை

ஊடாட்டம் என்றால் என்ன என்பதற்கு நான் எப்போதும் சொல்லும் எடுத்துக்காட்டு, கனடா தேசியத் திரைப்பட வாரியம் 2012-இல் வெளியிட்ட 'பேர் 71' என்ற இணைய ஆவணப் படைப்பு. லியான் அலிசன், ஜெரமி மெண்டஸ் ஆகிய இருவர் உருவாக்கியது. 20 நிமிடம்தான். பான்ஃப் தேசியப் பூங்காவில் வாழ்ந்த ஒரு பெண் பழுப்புக் கரடியின் வாழ்க்கை அது. மூன்று வயதில் அதைப் பிடித்து, கழுத்தில் வானொலிப் பட்டை மாட்டி, 71 என்று எண் கொடுத்து விட்டார்கள். 2009-இல் அது ரயிலில் அடிபட்டுச் செத்தது. சரக்கு ரயிலிலிருந்து சிந்தும் தானியத்துக்காகக் கரடிகள் தண்டவாளத்துக்கு வருவது அந்தப் பக்கத்தில் பழைய பிரச்சினை.

படைப்பில் கரடியே தன்மையில் பேசுகிறது. படங்களில் பெரும்பாலானவை ஒளிப்பதிவாளர் எடுத்தவை அல்ல. காட்டில் மரங்களில் கட்டிவைக்கப்பட்டு, ஏதேனும் அசைந்தால் தானாகவே படமெடுக்கும் கருவிகளில் பதிவானவை. பார்வையாளர் பூங்காவின் வரைபடத்தில் தம் விருப்பப்படி நடமாடலாம். நரி, மான், கரடி எல்லாம் எண்களோடு நகர்ந்துகொண்டிருக்கும். அனுமதி கொடுத்தால் உங்கள் கணினியின் கேமராவும் இயங்கும். அதே நேரத்தில் பார்த்துக்கொண்டிருக்கும் மற்ற மனிதர்களும் அந்த வரைபடத்தில் எண்களாகத் தோன்றுவார்கள். நாம் கரடியைக் கண்காணித்துக் கொண்டிருந்தோம், இப்போது நம்மையும் யாரோ கண்காணிக்கிறார்கள் என்று முதுகில் உறைக்கிறது. எந்த விளக்கக் குரலாலும் இதைச் சொல்லி உணர்த்த முடியாது.

நம் நாட்டுக்கும் இந்தத் தானியங்கிக் கருவிகள் புதியவை அல்ல. 2016 முதல் 2020 வரை நடந்த முதல் தேசியப் புலிக் கணக்கெடுப்பு இவற்றைக் கொண்டுதான் நடந்தது. தீபகற்பக் காடுகளில் 150-க்கும் குறைவான புலிகளே மிஞ்சியிருக்கின்றன என்ற செய்தி அதில் கிடைத்தது. அந்தப் படங்கள் அறிக்கைகளுக்குள் போய் அடங்கிவிட்டன. ஒரு புலியின் வாழ்க்கையாக அவற்றை யாராவது கோத்துக் காட்டினால் அந்த 150 என்ற எண் வேறு மாதிரி கேட்கும்.

இங்கே ஓர் எச்சரிக்கையும் சொல்லவேண்டும். 'பேர் 71' முதலில் ஃபிளாஷ் என்ற மென்பொருளில் செய்யப்பட்டது. 2020 இறுதியோடு ஃபிளாஷின் ஆயுள் முடிந்தது. 2017-இலேயே வாரியம் அதை மெய்நிகர் வடிவத்தில் புதுப்பித்ததால் படைப்பு பிழைத்தது. ஓர் அரசாங்க வாரியத்தால் அது முடிந்தது. தனி ஆள் செய்த எத்தனையோ படைப்புகள் ஃபிளாஷோடு போய்விட்டன. மெஸ்டாக்கின் துணி 140 ஆண்டுகள் தாண்டியும் தொங்குகிறது. நவீனமானது நிலைக்கும் என்று நினைப்பவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்கலாம்.

தலைக்கவசமும் தலைசுற்றலும்

மெய்நிகர் கருவி என்று சொன்னேனே, அது வேலை செய்யும் விதத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கண்ணை மூடும் கவசத்துக்குள் இரண்டு வில்லைகள். இடக்கண்ணுக்கு ஒரு படம், வலக்கண்ணுக்குச் சற்றே விலகிய இன்னொரு படம். மூளை இரண்டையும் சேர்த்து ஆழத்தைக் கண்டுகொள்ளும். தலை எந்தப் பக்கம் திரும்புகிறது என்பதை உள்ளிருக்கும் உணரிகள் அளந்து, அந்தக் கணமே படத்தைத் திருப்பும். கண் 'நகர்கிறோம்' என்று சொல்ல, காதின் உட்பகுதியிலுள்ள சமநிலை உறுப்பு 'இல்லை, நின்றுகொண்டுதான் இருக்கிறோம்' என்று மறுத்தால் தலை சுற்றும், குமட்டும். மலைப்பாதையில் பேருந்தில் வரும் குமட்டலுக்கும் காரணம் இதே சண்டைதான்.

2015-இல் இங்கிலாந்தின் கிரைஸ்டேல் காட்டில் ஒரு கலைக் குழு இதை அழகாகப் பயன்படுத்தியது. பாசி போர்த்திய கவசங்களைக் காட்டிலேயே மரங்களுக்கிடையே தொங்கவிட்டார்கள். அதற்குள் தலையை விட்டால், நீங்கள் நிற்கும் அதே காட்டைக் கொசு, தும்பி, தவளை, ஆந்தை ஆகிய நான்கின் உணர்வுகளால் பார்க்கலாம். லேசர் கதிரால் காட்டை அளந்து அந்த வடிவத்தைச் செய்திருந்தார்கள். நம் மூச்சுக் காற்றிலுள்ள கரியமில வாயுவைக் கொண்டு கொசு நம்மைத் தேடி வருகிறது என்பதை அங்கே கண்ணால் காணலாம். இடுப்பில் கொசுவத்தியைக் கட்டிக்கொண்டு விடியற்காலையில் பால்மரத்துக்குப் போன நம் தாய்மார்கள் கொசுவின் பார்வையை அவ்வளவு ஆவலோடு எட்டிப் பார்ப்பார்களா என்பது வேறு விஷயம்.

நெல்மணிகள் சாட்சி சொல்லும் கூடம்

எனக்கு இவை எல்லாவற்றையும்விடப் பெரிதாகத் தோன்றுவது இந்தியாவில் நடந்த ஒன்று. அமர் கன்வர் என்ற டில்லி ஆவணப்பட இயக்குநர் ஒடிசா மாநிலத்தில் பல ஆண்டுகள் சுற்றினார். சுரங்கத்துக்கும் எஃகு ஆலைக்கும் நிலம் எடுப்பதை எதிர்த்துக் கிராமத்தார் போராடிய காலம் அது. அவர் எடுத்த 42 நிமிடப் படத்துக்கு 'குற்றம் நடந்த இடம்' என்று பொருள்படும் பெயர். படத்தில் குற்றம் எதுவும் காட்டப்படவில்லை. வயல், ஆறு, புல், காற்று, இவ்வளவுதான். ஆனால் படத்தில் வரும் இடங்கள் எல்லாம் தொழில்துறைக்காகக் கையகப்படுத்தக் குறிக்கப்பட்டவை. அது தெரிந்தபின் அந்தப் புல் அசைவதைச் சாதாரணமாகப் பார்க்க முடியாது.

படத்தோடு அவர் நிற்கவில்லை. 2012-இல் ஜெர்மனியின் காசெல் நகரில் நடந்த டாக்குமென்டா கண்காட்சியிலும், அதே ஆண்டு முதல் புவனேசுவரத்திலும் 'இறையாண்மைக் காடு' என்ற பெயரில் ஒரு கூடத்தை அமைத்தார். இருட்டறையில் கையால் செய்த காகிதத்தில் பெரிய புத்தகங்கள். அவற்றின் பக்கங்கள் மீது படம் ஒளிரும். பக்கத்தைப் புரட்டுவது உங்கள் கை. ஒரு சுவரில் ஒடிசாவின் 260-க்கும் மேற்பட்ட பாரம்பரிய நெல் வகைகள், வகைக்கு ஒரு பிடி. நட்டபர் சாரங்கி என்ற விவசாயி பாதுகாத்த விதைகள் அவை. புவனேசுவரத்துக் கூடத்தில் கிராமத்தார் தங்களிடமிருந்த புகைப்படம், ஆவணம், விதை என்று கொண்டுவந்து சேர்க்கலாம். கூடம் அப்படியே வளர்ந்தது. வழக்காடுமன்றத்தில் ஏற்கப்படாத சாட்சிக்குக் கலைக்கூடத்தில் இடம் உண்டா என்று கேட்கிறது அந்தப் படைப்பு. அந்த வட்டாரத்தில் எஃகு ஆலை கட்ட வந்த கொரிய நிறுவனம் 2017-இல் திட்டத்தைக் கைவிட்டது. கலையால் அது நடந்தது என்று நான் சொல்லவரவில்லை. போராடியவர்களால் நடந்தது. ஆனால் அந்த ஆற்றங்கரை எப்படி இருந்தது என்பதற்குக் கூடம் சாட்சியாக இருக்கிறது.

நெல் சுவரைப் பற்றிப் படித்தபோது எனக்கு நம் மூடா வயல்கள்தான் நினைவுக்கு வந்தன. 1970-இல் செயல்படத் தொடங்கிய மூடா நீர்ப்பாசனத் திட்டம் கெடாவை இரு போகம் விளையும் பூமியாக்கியது. மூடா அணைத் தண்ணீர் மலையைக் குடைந்த சுரங்கம் வழியாகப் பெடு அணைக்கு வந்து வயலுக்குப் பாய்கிறது. விளைச்சல் பெருகியது. குறுகிய காலப் பயிர்கள் வந்ததும், ஆறேழு மாதம் நின்று விளையும் பழைய நெல் வகைகள் ஒதுங்கின. 2001-இல் வெளியான எம்.ஆர். 219 போன்ற ஒரே வகை பெரும் பரப்பை ஆண்ட காலமும் உண்டு.

ஒரு சுவையான செய்தி. 1965-இல் மலேசியாவில் வெளியிடப்பட்ட நெல் வகைக்கு லங்காவி மஹ்சூரியின் பெயரை வைத்தார்கள். அந்த நெல் கடல் கடந்து இந்தியாவுக்குப் போய் 'மசூரி' ஆயிற்று. ஆந்திராவின் சம்பா மசூரியின் பெற்றோரில் அதுவும் ஒன்று. தமிழ்நாட்டு வேளாண் பல்கலைக்கழகத்தின் வெள்ளைப் பொன்னிக்கும் அதே பெற்றோர்தான். இங்கே கடையில் 'ஊர் அரிசி' என்று ஆசையாகப் பொன்னி வாங்குகிறோமே, அதன் பூர்வீகம் நம் பக்கம்தான். அலோர்ஸ்டாரிலும் ஒரு சுவர் எழுந்தால் இந்தக் கதைக்கும் அதில் இடம் கொடுக்கலாம்.

கூடலூர் யானைகள்

தோட்டத் தமிழர்களுக்கு இன்னும் நெருக்கமான ஒரு முயற்சி நீலகிரியில் நடக்கிறது. கூடலூர் வட்டாரத்துத் தேயிலைத் தோட்டங்களில், 1964-ஆம் ஆண்டு சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பிறகு இலங்கையிலிருந்து போனவர்கள் பலர் வேலை செய்கிறார்கள். யானை நடமாடும் வழியும் அதே மலைகளில்தான். அங்கே பெட்டக்குறும்பர், பணியர், காட்டுநாயக்கர், சோளகர் ஆகிய பழங்குடிக் கைவினைஞர்கள் சேர்ந்து ஆளுயரமல்ல, யானை உயரத்துக்கே சிற்பங்கள் செய்கிறார்கள். பொருள் உண்ணிச்செடிக் குச்சி. நம் சடக்கோரத்தில் பல நிறத்தில் பூக்கும் அதே செடி. மலாய்க்காரர்கள் 'பூங்கா தாஹி ஆயாம்' என்பார்கள். அது காட்டை நெருக்கி மற்றச் செடிகளை வளர விடாத வெளிநாட்டுக் களை. களையை வெட்டினால் காட்டுக்கு நல்லது. வெட்டியதை யானையாக்கினால் கைக்குக் கூலி.

இவை பொதுவான யானைகள் அல்ல. அந்த மக்கள் அன்றாடம் பார்த்து, அடையாளம் தெரிந்துவைத்திருக்கும் யானைகளின் உருவங்கள். அதனால்தான் இதை ஆவணம் என்கிறேன். 2021-இல் லண்டன் பூங்காக்களில் ஒரு மந்தை நின்றது. 2024 பிப்ரவரியில் பெங்களூர் லால்பாக், பிறகு ஜூலையில் அமெரிக்காவின் நியூபோர்ட், செப்டம்பரில் நியூயார்க் தெருக்கள் என்று 100 யானைகள் ஊர் ஊராகப் போயின. தொட்டுப் பார்க்கலாம். நடுவில் நடக்கலாம். மின்சாரம் வேண்டாம், கவசம் வேண்டாம். யானைக் கூட்டத்துக்குள் ஒரு மனிதர் எவ்வளவு சிறியவர் என்று தெரிந்துகொள்ள அது போதும்.

சிக், பாலிங் பக்கத்தில் இருப்பவர்களுக்கு யானை செய்திப் பொருள் அல்ல. உலு மூடா காட்டில் இன்றும் யானைகள் உண்டு. உப்பு மண் தேடி அவை வரும் இடங்களைச் 'சிரா' என்பார்கள். 1 லட்சத்து 60 ஆயிரம் ஹெக்டருக்கு மேற்பட்ட அந்தக் காடுதான் கெடாவின் வயலுக்கும், கெடா, பினாங்கு, பெர்லிஸ் குழாய்களுக்கும் தண்ணீர் தருகிறது. தண்ணீருக்கு யார் பணம் கொடுப்பது என்று கெடாவும் பினாங்கும் பல ஆண்டுகளாக வாதாடி வருகின்றன. காட்டில் மரம் வெட்டுவது பற்றிய சண்டையும் ஓயவில்லை. பட்டர்வொர்த்தில் குழாயைத் திறக்கிற ஒருவருக்கு உலு மூடா என்பது நாளிதழில் வரும் ஒரு பெயர். குழாயிலிருந்து பின்னோக்கிப் போய் ஆறு, அணை, சுரங்கம், சிரா வரை அவரை நடத்திக் காட்ட இந்தக் கலையால் முடியும்.

நம் தோட்டம்

இப்போது சுங்கைப்பட்டாணி, பீடோங், பாடாங் செராய், லூனாஸ், கோலக்கெட்டில் பக்கம் வருவோம். ரப்பர் மரத்தின் பொருளாதார ஆயுள் 25 முதல் 30 ஆண்டுகள். அதன்பின் மறுநடவு. மறுநடவில் பல இடங்களில் செம்பனை வந்தது. சில இடங்களில் வீடமைப்புப் பகுதி வந்தது. 1996-இல் கூலிம் உயர் தொழில்நுட்பப் பூங்கா திறக்கப்பட்டபின் அந்த வட்டாரம் எவ்வளவு மாறியது என்பதை அங்கிருப்பவர்களே சொல்வார்கள். வேலை வந்தது, நல்லது. பால்மரம் திரும்பி வரவேண்டும் என்று கேட்க நான் வரவில்லை. பெரட்டுக்கு 5 மணிக்கு எழுந்தவர்களிடம் போய் அந்தக் காலம் இனிமையானது என்று சொன்னால் அவர்களே சிரிப்பார்கள்.

ஆனால் அந்த நிலத்தைப் பற்றிய அறிவு யாரிடம் இருக்கிறது? விடிவதற்கு முன் ஏன் வெட்டவேண்டும்? இரவில் மரத்துக்குள் நீரழுத்தம் கூடியிருக்கும். வெயிலேறி இலை நீரை வெளியிடத் தொடங்கினால் அழுத்தம் இறங்கி, பால் மட்டுப்படும். இதை ஆய்வாளர்கள் கருவி வைத்து அளந்தார்கள். வெட்டுமரத்துக்குப் போன அம்மாக்களுக்கு மங்கில் பால் சொட்டும் வேகம் பார்த்தே தெரியும். பட்டையில் உளி எவ்வளவு ஆழம் போகலாம், எங்கே நின்றால் மரம் காயப்படாது என்பது மணிக்கட்டுக்குத் தெரிந்த கணக்கு. மழைக்கு முன் காற்றில் வரும் வாடை தெரியும், ஏனென்றால் மழை பெய்தால் அன்று கூலி இல்லை. ஆண்டின் தொடக்கத்து வறட்சியில் இலை சிவந்து கொட்டும்போது காடு முழுக்க வெளிச்சம் மாறிவிடும். பிறகு கொட்டை வெடிக்கும் காலம். உச்சி வெயிலில் மரத்துக்கு மரம் 'டக், டக்' என்று காய் வெடித்துக் கொட்டைகள் சருகில் விழும். ஒன்றின் மேல் ஒன்று வைத்துக் கையால் அடித்து, யாருடையது உடைகிறது என்று பிள்ளைகள் பந்தயம் கட்டுவார்கள். பால் கொட்டகையில் அமில நெடி, புகைவீட்டு வாடை, ஒட்டுப்பால் மூட்டையின் நாற்றம். இந்த நாற்றத்தைப் பற்றி யாரும் ஆவணப்படம் எடுத்ததில்லை. எடுக்கவும் முடியாது, மூக்குக்குப் படம் காட்டும் கருவி வீட்டுக்கு வரவில்லை. ஆனால் ஒரு கூடத்தில் மூட்டையையே வைக்கலாமே.

பொருளையே சாட்சியாக நிறுத்துவது கெடாவுக்குத் தெரியாத வித்தையல்ல. 26 டிசம்பர் 2004 சுனாமியில் நம் நாட்டில் 68 பேர் இறந்தார்கள். கோத்தா கோல மூடா மீனவர் கிராமம் பட்ட அடி நமக்குத் தெரியும். அங்கே நினைவிடம் எழுப்பியபோது சிதைந்த மீன்பிடிப் படகுகளையே சேர்த்து நிறுத்தினார்கள். எத்தனை மீட்டர் அலை என்று பலகையில் எழுதுவதைவிட அந்தப் படகின் உடைந்த விலா அதிகம் பேசுகிறது.

அதேபோல் ஒரு தோட்டத்தை வட்டமாகப் பதிவு செய்யலாம். இன்று 360 பாகைக் கேமரா உள்ளங்கையில் அடங்குகிறது. முதுகோடு முதுகு ஒட்டிய இரண்டு அகன்ற வில்லைகள், இரண்டு படங்களையும் மென்பொருள் தைத்து ஒன்றாக்கும். இதில் எங்கள் தொழிலுக்கு ஒரு சங்கடம் உண்டு. சாதாரணப் படப்பிடிப்பில் கேமராவுக்குப் பின்னால் இயக்குநர், ஒலிப்பதிவாளர், தேநீர் கொண்டுவரும் தம்பி என்று ஒரு கூட்டம் நிற்கும். 360 பாகைக் கேமராவுக்குப் 'பின்னால்' என்பதே கிடையாது. எல்லாரும் மரத்துக்குப் பின்னால் ஒளியவேண்டும். அறிவிப்பாளரும்தான். காட்சிக்கும் நேயருக்கும் நடுவில் நின்று பேசிச் சம்பளம் வாங்குகிற எனக்கு இது உவப்பான செய்தியல்ல. ஆனாலும் சொல்கிறேன், அந்த வட்டத்துக்குள் பேசவேண்டியவர் நானில்லை. அதே நிரையில் 30 ஆண்டுகள் வெட்டிய ஒருவர்தான். அவர் பேச்சு தடுமாறினாலும் பரவாயில்லை.

பதிவு செய்தபின் அதை எங்கே காட்டுவது? தமிழ்ப்பள்ளி மண்டபம் போதும். நான்கு வெள்ளைத் துணி, வாடகைக்கு எடுத்த ஒளிவீச்சுக் கருவிகள், நான்கு மூலையிலும் ஒலிபெருக்கி. கவசம் ஆளுக்கொன்று வாங்கப் பணம் தேவையில்லை. கவசம் ஒருவரைத் தனியாக்கிவிடும். துணி நான்கு பக்கமும் தொங்கினால் பாட்டியும் பேரனும் ஒன்றாக உள்ளே நிற்கலாம். பாட்டி, "இது நம்ம 12-ஆம் நம்பர் காடு இல்லப்பா, அந்தப் பக்கம் ஓடை இருக்கணும்" என்று திருத்துவார். அந்தத் திருத்தத்தையும் அங்கேயே பதிவு செய்து, அடுத்த காட்சியில் சேர்க்கவேண்டும். புவனேசுவரத்தில் நடந்தது இதுதான். பொத்தானை அழுத்தினால் படம் மாறுவதை ஊடாட்டம் என்று விளம்பரம் செய்கிறார்கள். என் கணக்கில் பார்வையாளர் சொல்வதால் படைப்பு மாறினால்தான் அது ஊடாட்டம்.

கூடிய சீக்கிரம் செய்யவேண்டும். அந்த மணிக்கட்டுக் கணக்கு தெரிந்தவர்களில் பலருக்கு இப்போது வயது 70-க்கு மேல். வெட்டுமரம் இருக்கிற இடங்களில்கூட இன்று உளி பிடிப்பவர்களில் பலர் வெளிநாட்டிலிருந்து வந்த தொழிலாளர்கள். அவர்களுக்கும் இந்தக் காட்டைப் பற்றி ஒரு கதை இருக்கும், அதையும் கேட்கத்தான் வேண்டும்.

இளைஞர் அமைப்புகளுக்கும் பள்ளி வாரியங்களுக்கும் சில நடைமுறைச் செய்திகள் சொல்லி முடிக்கிறேன். தோட்ட நிர்வாகத்திடம் முன்கூட்டியே எழுத்தில் அனுமதி வாங்குங்கள். பேசுபவரிடமும் அவர் குரலை எங்கெங்கே ஒலிபரப்புவீர்கள் என்று சொல்லி ஒப்புதல் பெறுங்கள். பதிவுகளை ஒரே செயலிக்குள் பூட்டிவைக்காமல், சாதாரணக் கோப்புகளாக இரண்டு மூன்று இடங்களில் வையுங்கள். ஃபிளாஷுக்கு நேர்ந்தது நினைவிருக்கட்டும். முதலில் படம் வேண்டாம், ஒலியிலிருந்து தொடங்குங்கள். கொட்டை வெடிக்கும் காலத்தில், காற்றில்லாத ஒரு பகலில், கைத்தொலைபேசியையாவது ஒரு கிளையில் வைத்துவிட்டு ஒரு மணி நேரம் பேசாமல் ஒதுங்கி நில்லுங்கள். இடையில் மோட்டார் சைக்கிள் போனால் நிறுத்திவிட வேண்டாம். தேதியும் தோட்டத்தின் பெயரும் காட்டின் எண்ணும் பதிவின் தொடக்கத்தில் ஒருவர் வாயால் சொல்லிவிடட்டும்.